எழுத்தாகாத எழுத்து: கே.சி.எஸ். பணிக்கரின் ஓவிய வரிசை கோலாலம்பூரில் குறும்படமான விதம்

கே.சி.எஸ். பணிக்கரின் ‘சொற்களும் குறியீடுகளும்’ ஓவிய வரிசையை ஒரு குறும்படமாகப் பெயர்க்க முடியுமா என்ற கேள்வியோடு கோலாலம்பூரில் நாங்கள் நால்வர் இரண்டு ஆண்டுகளைச் செலவிட்டோம். படத்தொகுப்பாளனாகிய நான், துணியில் மெழுகும் சாயமும் கொண்டு பாத்தேக் வரையும் ஓவியர் ஒருவர், ஒலிப்பதிவாளர் ஒருவர், தமிழ்ப்பள்ளி ஆசிரியையாக இருந்து ஓய்வுபெற்ற ஓர் அக்கா ஆகியோரே அந்த நால்வர். கடைசியில் எங்கள் கையில் மிஞ்சியது 6 நிமிடம் 36 வினாடி ஓடும் ஒரு படம். அதில் கதை இல்லை, புரியும்படியான பேச்சு இல்லை, பணிக்கரின் ஓவியம் ஒன்றுகூட இல்லை. அவரது ஓவியத்தைப் படமாக்கப் புறப்பட்டவர்கள் அவரது ஓவியமே இல்லாத ஒரு படத்தில் வந்து சேர்ந்தது எப்படி என்பதையும், அந்த வழியில் எது கிடைத்தது, எது கைநழுவியது என்பதையும் இங்கே பதிவு செய்கிறேன்.

முதலில் ஓவியரைப் பற்றிச் சொல்ல வேண்டும். பணிக்கர் 1911இல் கோயம்புத்தூரில் பிறந்தவர். குடும்பப் பொறுப்பு காரணமாகப் படிப்பை இடையில் நிறுத்தி, தந்தித் துறையில் வேலைக்குச் சேர்ந்து, பிறகு அந்த வேலையை உதறிவிட்டுத் தமது 25ஆம் வயதில் சென்னை அரசுக் கலைப்பள்ளியில் மாணவராகி, தேவி பிரசாத் ராய் சௌத்ரியிடம் பயின்றவர். 1944இல் முற்போக்கு ஓவியர் சங்கத்தைத் தொடங்கினார், பின்னர் தாம் படித்த கலைப்பள்ளிக்கே முதல்வரானார், 1966இல் சென்னைக்குத் தெற்கே கடற்கரையோரம் சோழமண்டலம் ஓவியர் கிராமத்தை நிறுவினார். 1963 முதல், 1977இல் மறையும் வரை, அவர் தொடர்ந்து வரைந்துகொண்டிருந்த வரிசைதான் ‘சொற்களும் குறியீடுகளும்’. தொடக்கத்தில் கணிதக் குறிகளும் அரபு எண்களும் ரோமன் எழுத்தும் அதில் இடம்பெற்றன, பிறகு மலையாள எழுத்தின் சாயல் கொண்ட கோடுகள் வரிவரியாகப் பரவின. சாதகக் கட்டங்கள், அட்டவணைகள், ஆங்காங்கே ஒரு பறவை, ஒரு விலங்கு, ஒரு மனித உருவம். தூரத்தில் நின்று பார்த்தால் யாரோ பொறுமையாக எழுதிவைத்த ஆவணம் போலத் தெரியும். கிட்டே போனால் ஓர் எழுத்தைக்கூட வாசிக்க முடியாது.

திருவனந்தபுரம் அருங்காட்சியக வளாகத்தில் அவர் பெயரால் அமைந்த காட்சிக்கூடத்தில் இந்த ஓவியங்களின் முன் நின்றபோது எனக்கு ஏற்பட்டது வியப்பு அன்று, பழகிய ஒன்றைக் கண்ட உணர்வு. எங்கள் வீட்டு இரும்புப் பெட்டியில் இருந்த தாள்கள் எல்லாம் ஒரே சுவரில் சேர்ந்து தொங்குவது போல இருந்தது. மஞ்சள் தடவிய சாதக நோட்டு, தாத்தா வேலை பார்த்த தோட்டத்தின் சம்பளச் சீட்டு, லெபோ அம்பாங்கில் செட்டியார் கிட்டங்கியில் கடன் வாங்கியபோது எழுதிக்கொடுத்த பத்திரம். சிறுவயதில் இவை எவற்றையும் என்னால் வாசிக்க முடிந்ததில்லை. ஆனால், இவை எங்கள் குடும்பத்தைப் பற்றி ஏதோ முக்கியமானதைச் சொல்கின்றன என்று மட்டும் தெரியும். வாசிக்க முடியாத ஒன்றின் முன் மரியாதையோடு நிற்கும் அந்த நிலையைத்தான் பணிக்கர் வரைந்திருக்கிறார் என்று எனக்குப் பட்டது. படமாக்க வேண்டியதும் அந்த நிலையைத்தான், ஓவியத்தின் தோற்றத்தை அன்று. இதை இப்போது ஒரு வாக்கியத்தில் எழுதிவிடுகிறேன், ஆனால் இதை நாங்கள் புரிந்துகொள்ள ஓராண்டு ஆயிற்று.

அந்த ஓராண்டில் நாங்கள் செய்தது, ஓவியம் பற்றிப் படமெடுக்கும் எவரும் முதலில் செய்வதுதான். அச்சுநூல் ஒன்றில் இருந்த ஓவியப் படிமங்களை மேசையில் விரித்து, அவற்றின் மேல் கேமராவை மெல்ல நகர்த்தி, ஒரு மூலையில் தொடங்கி மறுமூலைக்குப் போய், ஒரு பறவையின் கண்ணில் நெருங்கி நின்று, பின்னணியில் வீணை ஒலியைச் சேர்த்தோம். எங்களுக்குள் மட்டும் பார்த்துக்கொண்ட ஒத்திகை அது. தொகுத்து முடித்த அன்றே அது சரிப்படாது என்று தெரிந்தது. காரணம், கேமரா நகரும் திசை ஒரு வாசிப்புத் திசை ஆகிவிடுகிறது. இடமிருந்து வலமாக ஒரு வரியின் மேல் கேமரா ஊர்ந்தால், பார்ப்பவரின் கண் அதை வாசிக்க முயல்கிறது, வாசிக்க முடியாதபோது தம் அறியாமைதான் காரணம் என்று நினைத்துக்கொள்கிறது. ஓவியத்தின் முன் நிற்பவருக்கு அந்தச் சங்கடம் இல்லை. அவர் கண் விரும்பிய இடத்தில் இறங்கும், விரும்பிய அளவு தங்கும். காலத்தில் ஓடுவதால் சினிமாவுக்கு முன்பின் என்ற ஒழுங்கு உண்டு, அந்த ஒழுங்குதான் வாசிப்பைக் கட்டாயமாக்குகிறது. எங்கள் முயற்சி முழுவதும் இந்த ஒரு சிக்கலோடு நடந்த மல்லுக்கட்டுதான்.

அந்த வடிவத்தைக் கைவிட இன்னொரு காரணமும் இருந்தது. மலேசியாவின் 1987ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி ஓவியரின் ஆயுளும் அதன்பின் 50 ஆண்டுகளும் அவரது படைப்புக்குப் பாதுகாப்பு உண்டு. இந்தியச் சட்டத்தில் அது 60 ஆண்டுகள். பணிக்கர் மறைந்தது 1977இல் என்பதால் இங்கே 2027 இறுதி வரையிலும் அங்கே 2037 இறுதி வரையிலும் அவர் ஓவியங்களைப் படத்தில் காட்ட உரிமையாளரின் அனுமதி வேண்டும். கலைநோக்கில் தோற்றுவிட்ட ஒரு வடிவத்துக்காக அனுமதி கேட்டு எழுதுவதில் பொருளில்லை என்று விட்டுவிட்டோம். ஓவியத்தையே காட்டாமல் அதன் நிலையைக் காட்ட முடியுமா என்ற கேள்வி அதன்பிறகுதான் எங்களுக்குள் தெளிவாக எழுந்தது.

ஓவியர்கள் தாங்களே சினிமாவுக்குள் வந்த வரலாறு இதில் எங்களுக்குக் கைகொடுத்தது. சுவீடனில் பிறந்து பெர்லினில் வாழ்ந்த வைக்கிங் எகலிங்கும் அவருடைய நண்பர் ஹான்ஸ் ரிக்டரும் 1920ஐ ஒட்டிய ஆண்டுகளில் நீண்ட தாள் சுருள்களில் வடிவங்களை வரிசையாக வரைந்தார்கள். சுருளை விரிக்க விரிக்கக் கண்ணுக்குக் காலம் தேவைப்படுவதை உணர்ந்த பிறகே அவர்கள் திரைப்படச் சுருளுக்கு வந்தார்கள். இந்தியாவில் அக்பர் பதம்சி, ஜவாஹர்லால் நேரு ஆய்வுநல்கையில் கிடைத்த பணத்தைக் கொண்டு 1969-70இல் பம்பாயில் ஒரு பயிலரங்கை அமைத்து, வெறும் கோடுகளையும் புள்ளிகளையும் கொண்டு ஒலியே இல்லாத ஒரு குறும்படம் எடுத்தார். இவர்களில் எவரும் ஏற்கெனவே முடிந்த ஓர் ஓவியத்தின் மேல் கேமராவை ஊர விடவில்லை. ஓவியம் உருவாகும் விதியை எடுத்துக்கொண்டு, அந்த விதியைக் காலத்தில் ஓடவிட்டார்கள். நாங்களும் பணிக்கரின் விதியைத் தேட வேண்டும் என்று அக்கா அன்று சொன்னார்.

விதி என்று நாங்கள் எடுத்துக்கொண்டது மிக எளிமையானது: எழுத்து போலத் தோன்ற வேண்டும், எழுத்தாக இருக்கக் கூடாது. இதைக் கையால் செய்வது எவ்வளவு கடினம் என்று செய்துபார்த்தவர்களுக்குத்தான் தெரியும். தமிழ் எழுதிப் பழகிய கை, எவ்வளவு கிறுக்கினாலும் இரண்டு மூன்று நொடிகளில் ஒரு ‘ழ’வையோ ‘ண’வையோ போட்டுவிடுகிறது. இடக்கையால் எழுதிப் பார்த்தோம், தாளைத் தலைகீழாக வைத்து எழுதிப் பார்த்தோம். முற்றிலும் புதிதாக வடிவங்களைக் கற்பனை செய்தால் அவை அலங்காரக் கோடுகளாகச் சரிந்துவிடுகின்றன, எழுத்துக்குரிய கண்டிப்பு போய்விடுகிறது. எழுத்தில் திரும்பி வரும் வடிவங்கள் இருக்க வேண்டும், வரியின் உயரம் சீராக இருக்க வேண்டும், சொற்களுக்கு இடையே இடைவெளி விழ வேண்டும். இவற்றை வைத்துக்கொண்டு ஒலியை மட்டும் நீக்க வேண்டும். அக்காதான் கடைசியில் ஒரு வழி கண்டார். தமிழ் எழுத்துகளை அவற்றின் சுழி, கால், கொம்பு என்று உறுப்புகளாகப் பிரித்து, அவற்றை நாங்கள் உச்சரிக்க முடியாதபடி வேறு வகையில் பொருத்தி, முப்பத்தாறு வடிவங்கள் கொண்ட ஒரு பட்டியலை எழுதித் தந்தார். நாற்பது ஆண்டுகள் குழந்தைகளுக்கு எழுத்தறிவித்தவர், எழுத்தை அவிழ்ப்பதிலும் அதே கவனத்தைக் காட்டியது எங்களுக்குப் பெரிய பாடம்.

சாதகக் கட்டத்தில் நாங்கள் சறுக்கினோம். பணிக்கரிடம் அடிக்கடி வருவது இந்தக் கட்டம். தென்னிந்திய வழக்கில் அது நான்குக்கு நான்கு சதுரம், நடுவில் உள்ள நான்கு இடம் வெறுமையாக இருக்க, சுற்றி 12 ராசி வீடுகள். நாங்கள் வரைந்த முதல் கட்டத்தில் கிரகங்களின் முதலெழுத்துகளைச் சற்றே திரித்து, கண்ணுக்கு எங்கே அழகாக இருந்ததோ அங்கே வைத்தோம். பிரிக்பீல்ட்ஸில் ஒரு சிறு அறையில் நடந்த முதல் ஒத்திகைத் திரையிடலுக்குப் பஞ்சாங்கம் பார்க்கத் தெரிந்த ஒரு பெரியவர் வந்திருந்தார். படம் ஓடிக்கொண்டிருக்கும்போதே எழுந்து திரைக்குப் பக்கத்தில் போய்விட்டார். விளக்கைப் போட்டதும் என்னைப் பார்த்து, “தம்பி, சூரியனுக்கு ஏழாமிடத்துல புதன் நிக்கவே நிக்காது. இப்படி ஒரு பிள்ளை பொறக்கவே முடியாதுய்யா” என்றார். அவர் சொன்னது முழுக்கச் சரி. பூமியிலிருந்து பார்க்கும்போது புதன் சூரியனை விட்டு 28 பாகைக்கு மேல் விலகுவதில்லை, எனவே சூரியன் இருக்கும் வீட்டிலோ அதற்கு முன்பின் வீட்டிலோதான் அது இருக்க முடியும். வெள்ளிக்கும் அப்படி ஓர் எல்லை உண்டு, அது ஏறத்தாழ 47 பாகை. நாங்கள் திரித்திருந்த எழுத்துகளை அவர் எந்தச் சிரமமும் இல்லாமல் வாசித்துவிட்டார். வாசித்ததோடு, பிழையையும் கண்டுபிடித்துவிட்டார்.

அன்றிரவு நாங்கள் நால்வரும் அந்த ஒரு வாக்கியத்தைச் சுற்றியே பேசிக்கொண்டிருந்தோம். கட்டத்தைத் திருத்திப் புதனைச் சரியான வீட்டில் வைக்கலாம் என்றார் ஒலிப்பதிவாளர். அப்படிச் செய்தால் அது உண்மையான ஒரு சாதகம் ஆகிவிடும், யாரோ ஒருவருடைய பிறப்பைப் படத்தில் வைத்ததாகிவிடும். தவறாகவே விட்டால் அதுவும் வாசிப்புக்கு உட்பட்டுவிடுகிறது, ஏனென்றால் தவறு என்று சொல்வதற்கு முன் ஒருவர் வாசித்திருக்க வேண்டும். சரி, தவறு என்ற இரண்டுக்கும் வெளியே அந்தக் கட்டம் நிற்க வேண்டும் என்பதுதான் எங்களுக்குத் தேவை. எனவே எழுத்துகளை முழுவதுமாக எடுத்துவிட்டு, கட்டத்தின் எலும்பை மட்டும் வைத்துக்கொண்டோம். அந்த எலும்புதான் பிறகு படத்தின் கால அமைப்பாகவே மாறியது. ஒரு பெரியவரின் நேர்மையான குறுக்கீடு இல்லாவிட்டால் நாங்கள் அந்த இடத்துக்கு வந்திருக்க மாட்டோம் என்றே நம்புகிறேன்.

கட்டத்தை எப்படிக் காலமாக்கினோம் என்பதைச் சொல்கிறேன். ராசிக் கட்டத்தில் இடது மேல் மூலையில் மீனம், அடுத்து மேடம் (மேஷம்), அங்கிருந்து வலஞ்சுழியாகச் சுற்றி மீண்டும் மீனத்துக்கு வர வேண்டும். ஆனால், வாசிப்பவர் மீனத்தில் தொடங்குவதில்லை. லக்னம் எந்த வீட்டில் விழுந்திருக்கிறதோ அதுதான் அவருக்கு முதல் வீடு. வரிசை உண்டு, ஆனால் தொடக்கம் ஆளுக்கு ஆள் மாறும். சினிமாவின் முன்பின் ஒழுங்கை அவிழ்க்க எங்களுக்குத் தேவைப்பட்டது சரியாக இதுவே. படத்தை 33 வினாடிகள் கொண்ட 12 பகுதிகளாக அமைத்தோம். தலைப்பும் இல்லை, முடிவுப் பட்டியலும் இல்லை. அறையின் கதவு திறந்தே இருக்கும், படம் நிற்காமல் சுழன்று ஓடும். உள்ளே வருபவர் எந்த வீட்டில் நுழைகிறாரோ அதுவே அவரது தொடக்கம், அதே இடம் மறுபடி வரும்போது அவர் எழுந்து போகலாம். திரையும் சதுரம், அகலத்திரையின் இரு பக்கமும் இருட்டு. பெயர்கள் எல்லாம் வாசலில் ஒட்டிய தாளில் இருந்தன.

அடுத்த சிக்கல், குறிகள் திரையில் எப்படித் தோன்ற வேண்டும் என்பது. ஒரு கோடு தொடங்கி வளைந்து முடிவதை அசைவூட்டமாகக் காட்டினால் பார்ப்பவரின் மனம் எழுதும் கையைப் பின்தொடர்கிறது, மறுபடியும் வாசிப்புக்குள் விழுகிறது. இதற்குத் தீர்வு எங்கள் ஓவியரின் தொழிலிலிருந்தே வந்தது. பாத்தேக் வரைபவர் சந்திங் என்னும் சிறு குழாய்க் கருவியால் உருக்கிய மெழுகைத் துணியில் கோடாக விடுகிறார். பாரஃபினும் குங்கிலியமும் கலந்த அந்த மெழுகு வெள்ளைத் துணியில் கண்ணுக்கு அவ்வளவாகப் புலப்படாது. சாயத்தைத் தூரிகையால் தொட்டுவைத்தால் அது துணியில் பரவி, மெழுகுக் கோட்டில் முட்டி நிற்கிறது, அப்போதுதான் கோடு வெளியே தெரிகிறது. எழுத்து எழுதப்படவில்லை, அதைச் சுற்றியுள்ள நிலம் நிரம்புவதால் எழுத்து எஞ்சுகிறது. எது முன், எது பின் என்பதைக் கை தீர்மானிக்கவில்லை, ஈரம் தீர்மானிக்கிறது.

இந்த வழியைக் கண்டபோது எனக்கு ஏற்பட்ட மகிழ்ச்சிக்கு இன்னொரு காரணமும் உண்டு. சோழமண்டலத்தின் நிலம் வாங்கப்பட்டதே பெருமளவு பாத்தேக் துணிகளையும் மற்றக் கைவினைப் பொருள்களையும் ஓவியர்கள் செய்து விற்ற பணத்தில்தான். இங்கே பினாங்கிலோ, சுவா தியன் தெங் 1950களிலேயே பாத்தேக்கை ஆடையிலிருந்து எடுத்து ஓவியச் சட்டத்துக்குள் கொண்டுவந்துவிட்டார். பணிக்கரின் கிராமத்தையும் எங்கள் ஊரையும் மெழுகு இணைத்தது. நாங்கள் அந்தத் தொடர்பைத் தேடிப் போகவில்லை, வேலையின் தேவை அங்கே கொண்டுபோய் நிறுத்தியது.

படப்பிடிப்பு பற்றிச் சுருக்கமாகச் சொல்லலாம். செந்தூலில் ஒரு கடைவீட்டின் மேல்மாடியில் 12 பருத்தித் துணிகளை ஒவ்வொன்றாகச் சட்டத்தில் இழுத்துக் கட்டினோம். கேமரா தலைக்கு மேலே நேர்கீழாகப் பார்த்தது. இரண்டு வினாடிக்கு ஒரு படம் வீதம் எடுத்தோம். நொடிக்கு 24 சட்டகம் என்று கணக்கிட்டால் 33 வினாடிக்கு 792 படங்கள், அதை எடுக்க ஏறத்தாழ 26 நிமிடம். அந்த 26 நிமிடமும் துணி ஈரமாக இருக்க வேண்டும், காற்று அசையக் கூடாது, எனவே மின்விசிறி கிடையாது. கோலாலம்பூர் வெக்கையில் அது எப்படி இருந்திருக்கும் என்பதை ஊர்க்காரர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. மின்விளக்கு இங்கே நொடிக்கு நூறு முறை மினுங்கும், அதைச் சமன்செய்ய ஒவ்வொரு படத்துக்கும் அரை வினாடி ஒளிபட விட்டோம். சன்னலுக்குக் கறுப்புத் துணி, கேமராவில் தானியங்கி என்று இருந்த எல்லாவற்றுக்கும் ஓய்வு. ஒரு துணி கெட்டால் மெழுகிடுவதிலிருந்து மறுபடி தொடங்க வேண்டும், ஏழாம் வீட்டுத் துணி மட்டும் ஐந்து முறை கெட்டது.

ஒலி எங்களை இதைவிட நீண்ட காலம் அலைக்கழித்தது. வீணையை முதல் ஒத்திகையோடு விட்டுவிட்டோம், இசை எதைப் போட்டாலும் அது இந்தக் குறிகளுக்குப் பக்தியையோ சோகத்தையோ பூசிவிட்டது. பணிக்கர் எழுத்துக்குச் செய்ததை நாங்கள் குரலுக்குச் செய்ய வேண்டும் என்று ஒலிப்பதிவாளர் சொன்னார், அதாவது பேச்சு போலக் கேட்க வேண்டும், பேச்சாக இருக்கக் கூடாது. என்ன பேச்சு என்பதில் எனக்குத் தயக்கம் இல்லை. தோட்டத்தில் விடியற்காலை பெரட்டு என்று ஒன்று உண்டு. இருட்டு விலகுமுன் எல்லாரும் களத்தில் கூடி நிற்க, கிராணி என்னும் தோட்ட எழுத்தரோ கங்காணியோ செக்ரோல் என்னும் வருகைப் பதிவேட்டை விரித்துப் பெயர் பெயராகக் கூப்பிடுவார், ஆள் குரல் கொடுக்க வேண்டும், ஏட்டில் குறி விழும். அந்தக் குறி விழுந்தால்தான் அன்றைக்குச் சம்பளம். ஒரு வாழ்க்கையே ஏட்டில் ஒரு கட்டத்துக்குள் ஒரு கோடாக மாறும் இடம் அது. தோட்டத்தில் வேலை பார்த்த முதியவர்கள் சிலரைப் பெரட்டு எடுப்பது போல் பெயர்களைக் கூப்பிடச் சொல்லிப் பதிவு செய்தோம். பிறகு அந்தப் பதிவில் 400 ஹெர்ட்ஸுக்கு மேற்பட்ட அதிர்வுகளை வடிகட்டி நீக்கினோம். மெய்யெழுத்துகளின் கூர்மை எல்லாம் அதற்கு மேலேதான் இருக்கிறது, அது போனதும் சொற்கள் கரைந்துவிடுகின்றன. ஏற்ற இறக்கமும் இடைவெளியும் மட்டும் தங்குகின்றன. பக்கத்து வீட்டுச் சுவருக்கு அப்பால் யாரோ பேசுவது போன்ற ஒலி. எந்தப் பெயரும் புரியாது, ஆனால் கூப்பிடுகிறார்கள், யாரோ பதில் சொல்கிறார்கள் என்பது மட்டும் ஐயமில்லாமல் தெரியும்.

இந்த நிலையில் படத்தை என் பாட்டியிடம் மடிக்கணினியில் காட்டினேன். பாட்டி முப்பது ஆண்டுகளுக்கு மேல் தோட்டத்தில் பால்மரம் (ரப்பர் மரம்) வெட்டியவர், எழுத்து அறியாதவர், சம்பள நாளில் கைநாட்டு வைத்தவர். வாசிக்கத் தெரியாதவரின் பார்வைதான் பணிக்கரின் ஓவியம் நம்மிடம் கேட்கும் பார்வை என்று எண்ணிக்கொண்டிருந்தேன், எனவே பாட்டி இதில் பொருள் எதையும் தேட மாட்டார், வெறும் வடிவமாகப் பார்ப்பார் என்று எதிர்பார்த்தேன். பாட்டி நாலாவது துணி வந்தபோது திரையைத் தொட்டார். “இதுல என் பேரு எது?” என்று கேட்டார். இது செக்ரோல் இல்லை பாட்டி, இதில் பெயரே இல்லை என்று சொன்னேன். அவர் ஒத்துக்கொள்ளவில்லை. “எனக்கு எழுத்துத் தெரியாதுய்யா. ஆனா என் பேரு எங்க இருக்கும்னு தெரியும். கீழ இருந்து மூணாவது வரி. மொதல்ல ஒரு பெரிய சுழி, பக்கத்துல ஒரு கொம்பு. கிராணி குறி போடுறாரான்னு தெனமும் எட்டிப் பாத்துக்குவேன்.”

நான் எவ்வளவு தவறாக நினைத்திருந்தேன் என்பது அப்போதுதான் உறைத்தது. வாசிக்கத் தெரியாதவருக்கு எழுத்து வெறும் வடிவம் அன்று. தம் கூலி விழுகிறதா, விடுபட்டதா என்பதை இடத்தாலும் உருவத்தாலும் காவல் காத்தவர் அவர். வாசிப்பு என்று நான் சொல்லிக்கொண்டிருந்தது ஒலிக்கும் எழுத்துக்கும் உள்ள உறவை மட்டும்தான். அதற்கு வெளியே, ஓர் ஏட்டில் தன் வரியை அடையாளம் கண்டுகொள்ளும் இன்னொரு வகை வாசிப்பும் இருக்கிறது, பணிக்கரின் ஓவியங்களுக்கு முன் எனக்கு ஏற்பட்ட பழகிய உணர்வும் அந்த வகையைச் சேர்ந்ததுதான். நாங்கள் வாசிப்பை அடியோடு துரத்தப் பார்த்ததால் எங்கள் படம் அதுவரை கொஞ்சம் குளிர்ந்துபோயிருந்தது. கண் திரும்பிப் போய்த் தொட்டுக்கொள்ள அதில் ஓர் இடம்கூட இல்லை.

அடுத்த சில மாதங்களில் எல்லாத் துணிகளையும் மறுபடி செய்தோம். ஒவ்வொரு துணியிலும் கீழிருந்து மூன்றாவது வரியின் தொடக்கத்தில் ஒரே குறியை வைத்தோம், ஒரு பெரிய சுழியும் பக்கத்தில் ஒரு கொம்பும். அது எந்த எழுத்தும் அன்று, அக்காவின் பட்டியலிலும் இல்லாதது. மற்றவை எல்லாம் வீட்டுக்கு வீடு மாறும், இது மட்டும் மாறாது. இந்த ஒரு மாற்றம் படத்தைக் காப்பாற்றியது என்று சொல்வேன். முந்தைய ஒத்திகைகளில் இரண்டு நிமிடத்தில் நெளியத் தொடங்கிய பார்வையாளர்கள், இப்போது மூன்றாம் நான்காம் வீட்டிலேயே அந்தக் குறியைக் கண்டுகொண்டு அதற்காகக் காத்திருந்தார்கள்.

குறைகளையும் பதிவு செய்ய வேண்டும். வண்ணத்தில் நாங்கள் தோற்றோம். பணிக்கரின் பல ஓவியங்களில் நிலம் பழைய ஓலையையோ தாளையோ நினைவூட்டும் மங்கலில் இருக்கிறது, அதன் மேல் சிவப்போ நீலமோ ஒரு சிறு இடத்தில் எழும்போது கண் அங்கே தாவுகிறது. எங்கள் சாயங்கள் துணியில் ஒளி ஊடுருவ நின்றன, அவற்றில் பளபளப்பு அதிகம். எண்ணெய் வண்ணத்தின் கனம் துணியில் வரவில்லை, திரையில் அது இன்னும் இளகிவிட்டது. அவருடைய பறவைகளையும் விலங்குகளையும் போல உருவங்களைச் சேர்க்கும் துணிவும் எங்களுக்கு வரவில்லை. உருவம் வந்தால் கதை வந்துவிடும் என்று பயந்தோம். ஆனால், அவரிடம் உருவமும் எழுத்தும் ஒரே தாளில் சண்டையில்லாமல் வாழ்கின்றன. அந்த இசைவை நாங்கள் எட்டவில்லை, எங்கள் படம் அவ்வளவுக்கு அவரை விடச் சிறியது.

கடைசித் திரையிடலும் பிரிக்பீல்ட்ஸிலேயே நடந்தது. பாட்டியைச் சக்கர நாற்காலியில் கூட்டி வந்தேன். எங்கே தொடங்கினார் என்று எனக்குத் தெரியவில்லை, நான் வாசலில் வருபவர்களைக் கவனித்துக்கொண்டிருந்தேன். இரண்டு சுற்று முழுவதும் பார்த்தார். வெளியே வந்ததும் கையைப் பிடித்து, “எல்லா நாளும் வந்தவ, ஒரு நாளு மட்டும் வேலைக்கு வரலியே. என்னாச்சு அவளுக்கு?” என்று கேட்டார்.

எனக்குப் புரியவில்லை. வீட்டுக்கு வந்து படத்தை ஒவ்வொரு பகுதியாக நிறுத்திப் பார்த்தேன். ஒன்பதாம் வீட்டுத் துணியில் கீழிருந்து மூன்றாவது வரி இருந்தது, அதன் தொடக்கத்தில் சுழியும் கொம்பும் இல்லை. மெழுகிடும்போது விடுபட்டிருக்கிறது. தொகுத்த நானும், வரைந்த ஓவியரும், நூறு முறை பார்த்த மற்ற இருவரும் அதைக் கவனித்திருக்கவில்லை. ஓவியர் அந்தத் துணியை மறுபடி வரைந்து தருவதாகச் சொன்னார். வேண்டாம் என்று அக்கா சொல்லிவிட்டார். அந்த வரி இன்றும் அப்படியே வெறுமையாகத் தொடங்குகிறது.